ஆஸ்டா நீல்ஸனின் மௌனம்

ஊமைப் படங்களைப் பற்றிப் பேச்சு வந்தால் நம்மில் பலருக்குச் சிரிப்புத்தான் வருகிறது. கண்ணை உருட்டுவதும், மார்பில் அடித்துக்கொள்வதும், கைகளை விரித்து வானத்தைப் பார்ப்பதுமே அந்தக் காலத்து நடிப்பு என்று ஓர் அபிப்பிராயம் நிலைத்துவிட்டது. எத்தனையோ படங்களுக்கு அது பொருந்தவும் செய்யும். டென்மார்க் தேசத்து ஆஸ்டா நீல்ஸனுக்கு மட்டும் பொருந்தாது.

1881-ல் கோபன்ஹேகனில் ஏழைத் தொழிலாளி வீட்டில் பிறந்தவர் அவர். சிறு வயதிலேயே தகப்பனார் போய்விட்டார்; தாயார் துணி வெளுத்துக் குடும்பத்தைக் காப்பாற்றினாள். 1901-ல், கல்யாணமாகாமலே ஒரு பெண் குழந்தை. அதன் தகப்பன் யார் என்று அவர் கடைசிவரை சொல்லவில்லை. நாடக மேடையில் பல வருஷங்கள் உழைத்தும் பெரிய பெயர் வரவில்லை. அவருக்காகவே உர்பன் காட் என்பவர் கதை எழுதி டைரக்ட் செய்த ‘அதல பாதாளம்’ 1910-ல் வெளிவந்தது. ஐரோப்பா முழுவதும் அவரைத் திரும்பிப் பார்த்தது. இரண்டு வருஷத்தில் காட் அவருக்குக் கணவரானார். அந்தப் பந்தம் நீடிக்கவில்லை.

கதை என்னவோ சாதாரணக் கதைதான். பியானோ கற்றுக்கொடுக்கும் மாக்டா, பாதிரியார் மகனை விட்டுவிட்டு ஸர்க்கஸ்காரன் ஒருவனோடு ஓடுகிறாள். அவனால் வஞ்சிக்கப்பட்டு, முடிவில் அவனையே குத்திக் கொல்கிறாள். படத்தின் பேரைச் சொன்னாலே எல்லோரும் குறிப்பிடுவது, அவனைக் கயிற்றால் கட்டிவிட்டு அவள் ஆடும் நடனத்தை. சில இடங்களில் தணிக்கைக்காரர்கள் அதை வெட்டினார்கள். அதனால் அதன் புகழ் இன்னும் ஏறியது. எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது கடைசிக் காட்சி. கொலை செய்தவளைப் போலீஸார் அழைத்துப் போகிறார்கள். அவள் அழவில்லை, கதறவில்லை. முகத்தில் ஒன்றுமே இல்லாமல் நடந்து வருகிறாள். நடிகை விட்டுவைத்த அந்த வெற்றிடத்தைப் பார்க்கிறவன் தன் மனசால் நிரப்பிக்கொள்கிறான். இதை அவருக்கு முன் திரையில் இவ்வளவு துணிச்சலாகச் செய்தவர்கள் இருந்ததாக எனக்குத் தோன்றவில்லை.

1911 முதல் ஜெர்மனியிலேயே தங்கி, எழுபது படங்களுக்குக் குறையாமல் நடித்தார். 1921-ல் சொந்தக் கம்பெனியில் ‘ஹாம்லெட்’ எடுத்தார். இதில் ஹாம்லெட் ஒரு பெண். அரசன் போரில் இறந்தான் என்று செய்தி வர, ராஜ்யம் கை நழுவாமல் இருக்க ராணி தன் பெண் குழந்தையைப் பிள்ளை என்று அறிவித்துவிடுகிறாள். அரசன் உயிரோடு திரும்பி வந்தும் பொய் தொடர்கிறது. ஷேக்ஸ்பியரின் ராஜகுமாரன் ஏன் தயங்குகிறான் என்பதற்குப் பதில் இல்லாததே அந்த நாடகத்தின் ஆழம். படம் அதற்கு ஒரு காரணம் சொல்லிவிடுகிறது. அந்த அளவில் அது மூலத்தைவிடச் சிறியதுதான். ஆனாலும் நீல்ஸனைப் பாருங்கள். ஹொரேஷியோ தோளில் கை போடும்போது அந்த உடம்பு அன்புக்கு ஏங்கவும் செய்கிறது, எச்சரிக்கையாகவும் இருக்கிறது. நாளெல்லாம் ஒளித்து வாழ்கிறவளின் களைப்பு அது. அவருடைய சொந்த வாழ்க்கையின் ரகசியத்தோடு இதை முடிச்சுப்போடுவது சுலபம். நான் போடமாட்டேன். கலைக்கு அந்த ஊன்றுகோல் தேவையில்லை.

பாப்ஸ்டின் ‘மகிழ்ச்சியற்ற தெரு’ 1925-ல் வந்தது. பணவீக்கத்தால் பட்டினி கிடக்கும் வியன்னாவின் கதை. அதில் கிரேட்டா கார்போவும் உண்டு. பிற்பாடு கார்போ உலகப் புகழ் பெற்றார்; வெளிநாட்டுப் பிரதிகள் சிலவற்றில் நீல்ஸனின் பகுதியையே வெட்டி எறிந்துவிட்டார்கள். கார்போவின் முகம் அழகு. நாம் அதைப் பார்த்துக்கொண்டே இருக்கலாம். நீல்ஸனின் முகமோ நம்மைப் பார்க்கிறது. கத்தரிக்கோலுக்கு இந்த வித்தியாசம் எங்கே தெரியும்?

பேசும் படம் வந்தபின் 1932-ல் ஒன்றே ஒன்றில் நடித்தார். அதோடு சரி. அப்புறம் டென்மார்க் திரும்பி, தம் சுயசரிதையை எழுதி, 1972-ல் தொண்ணூறாவது வயதில் காலமானார்.

அவர் நடித்த கதைகளில் பெரும்பாலானவை மட்டமானவை. இதை மறைத்துப் புகழ்வது அவருக்குச் செய்யும் மரியாதை ஆகாது. மட்டமான கதைக்குள்ளும் ஒரு மனுஷியை உயிரோடு நிறுத்தினார் என்பதே அவர் பெருமை. கதாபாத்திரம் அழும் முன்பே எழுத்தாளன் முந்திக்கொண்டு அழுதுவிடும் கதைகள் நம் பத்திரிகைகளில் ஏராளம். அவற்றை எழுதுகிறவர்கள் மாக்டா நடந்துபோகும் அந்த ஒரு காட்சியைப் பார்க்கவேண்டும்.