வளரும் துகில்: மல்லிகா தனேஜாவின் ஓராள் நிகழ்வு

2012 டிசம்பரில் தில்லியில் ஓடும் பேருந்தில் நிகழ்ந்த பாலியல் வன்கொடுமை அந்நகரின் அரங்கக் கலையையும் உலுக்கியது. கதகளிப் பயிற்சி பெற்ற மூத்த கலைஞர் மாயா கிருஷ்ணராவ் ‘வாக்’ என்னும் நிகழ்வில் நடத்தலையே உரிமைக்குரல் ஆக்கினார். அடுத்த தலைமுறையினரான மல்லிகா தனேஜா 2013இல் ‘தோடா த்யான் ஸே’ (கொஞ்சம் கவனமாக) என்னும் ஓராள் நிகழ்வைப் படைத்தார். 2015இல் சூரிக் அரங்க விழாவில் இது பரிசு பெற்றது.

இதன் கட்டமைப்பு எளியது. ஆடையின்றி நிற்கும் நடிகை, சில நிமிடங்கள் பேசாது அவையோரை நோக்குகிறார். பின்னர் ஒன்றன்மேல் ஒன்றாக உடைகளை அணிந்தவாறே, பெண்கள் கவனமாக இருக்க வேண்டியதன் தேவையை விளக்குகிறார். உடையும் பெருகுகிறது, பேச்சும் பெருகுகிறது.

தெருக்கூத்தின் துகிலுரிதலை அறிந்த தமிழ்ப் பார்வையாளர் இங்கு ஒரு தலைகீழாக்கத்தைக் காண்பர். துச்சாதனன் இழுக்க இழுக்க வளரும் பாஞ்சாலியின் துகில், அவளது முறையீட்டுக்குக் கண்ணன் தந்த காவல். பெரும்பாலும் ஆண் கலைஞரே அவ்வேடம் புனைவர் என்பதும் நினையத்தக்கது. தனேஜாவின் அரங்கில் பெண் தன் உடலோடே நிற்கிறாள். துகிலை உரிபவர் எவருமிலர், வளர்ப்பவளும் அவளே. கண்ணனின் இடத்தில் அறிவுரை நிற்கிறது. உடை மிகுந்தோறும் அசைவு குன்றுகிறது, அச்சமோ குன்றவில்லை.

அணங்கு, விலங்கு, கள்வர், இறை ஆகிய நான்கனை அச்சத்தின் நிலைக்களன்களாகத் தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் வகுக்கும். கள்வர் என்பதன் பொருளை விரித்து இந்நிகழ்வின் அச்சத்தை அதனுள் அடக்க முயலலாம். எனினும் அது முழுதும் அடங்காது. இவ்வச்சம் தாய், தமையன், தோழி என அன்புடையோர் வாய்வழியே புகட்டப்படுவது. அறிவுரை கேட்டு அவையில் எழும் நகை எள்ளல்பற்றியது. நகைப்போருள் அதே சொற்களைத் தம் வீட்டில் கூறியோரும் இருத்தல் கூடும். நிகழ்வின் வன்மை இங்கேதான் உள்ளது. தொடக்கத்து ஆடையின்மையே பெரிதும் பேசப்பட்டது முறையன்று.

குறையும் உண்டு. உடையை அடுக்கும் உத்தி, அடுக்குதற்கு உடையுள்ள நகர்ப்புற நடுத்தர வர்க்கப் பெண்ணுக்கே முற்றும் பொருந்துகிறது. கட்டட வேலைக்குத் தில்லி வந்து, கூரையற்ற இடத்தில் உறங்கும் பெண்ணின் அச்சம் இதில் இடம்பெறவில்லை. தனேஜா பின்னர்த் தில்லியில் முன்னெடுத்த, பெண்கள் கூடி நள்ளிரவில் நடக்கும் முயற்சி இக்குறையை ஓரளவு ஈடுசெய்கிறது எனலாம். அங்கு அவையோர் என ஒரு பிரிவினர் இல்லை. வந்தோர் அனைவரும் நடக்கின்றனர்.