சிவப்பு அறையும் கள்ளியங்காட்டு நீலியும்

டார்க் வெப்பில் ‘ரெட் ரூம்’ உண்டு, காசு கட்டினா கொலையை நேரலையா பார்க்கலாம்னு ஒரு கதை. டோர் நெட்வொர்க்கின் வேகத்தில் சாதா வீடியோவே திணறும், அது போகட்டும். 2016இல் வந்த ‘வெல்கம் டு த கேம்’ இதையே களமாக்கியது. போலித் தளங்களில் ஒளிந்திருக்கும் 8 குறியீடுகளைத் தேடணும். அந்தத் தளங்கள் வெறும் அருவருப்பு, பயமே வரல. பயம் வருவது அறைக்கு வெளியே கேட்கும் காலடிச் சத்தத்தில். நெய்யூர் பக்கம் பாட்டிமார் சொல்லும் நீலி கதையும் அப்படித்தானே? அவ கொல்றதைவிட, வழியில நின்னு சுண்ணாம்பு கேக்குற நொடிதான் நடுக்கம்.

2015இன் ‘சாட் சேட்டன்’ வேறு ரகம். மங்கலான தாழ்வாரத்தில் நடப்பதைத் தவிர அதில் பெரிதாக ஆட்டமே இல்லை. டார்க் வெப்பில் கிடைத்ததாக யூடியூபில் சொன்ன கதைதான் முழுச் சரக்கு. நிஜம்னு சொல்லி விற்கும் இந்த உத்தி எனக்குப் பிடிக்கல. 2017இல் ப்ளூ வேல் பீதி வந்தப்போ, இறக்கிக்கொள்ள ஒரு செயலிகூட இல்லாத அந்த ‘விளையாட்டை’ உயர் நீதிமன்ற மதுரைக் கிளை தானாக முன்வந்து விசாரிக்கும் அளவுக்குப் போச்சு.

2018இல் வந்த ‘வெல்கம் டு த கேம்’ இரண்டாம் பாகத்தில் நாயகன் ஒரு பத்திரிகையாளன். கொலையைப் பார்க்க அல்ல, ஒரு பெண்ணைக் காப்பாற்றத்தான் சிவப்பு அறையைத் தேடுகிறான். விளக்கை அணைக்கும்போது கை நடுங்கியது அதில்தான்.