பொது நூலகக் கோப்புகளும் அவற்றுக்கான பொறுப்பும்

விண்டோஸ் கணினியில் ஒரு மென்பொருளைத் திறக்க முற்படும்போது, எம்எஸ்விசிபி140.டிஎல்எல் என்பது போன்ற ஒரு கோப்பு கிடைக்காததால் நிரலை இயக்க முடியவில்லை என்ற அறிவிப்பு தோன்றுவது பயனர் பலருக்கும் பழகிப்போனது. அறிவிப்பு கோப்பின் பெயரை மட்டுமே சொல்வதால், அந்தப் பெயருடைய கோப்பை எங்கிருந்தாவது கொண்டுவந்து வைத்தால் குறை நீங்கிவிடும் என்ற நம்பிக்கை வேரூன்றியிருக்கிறது. இந்த நம்பிக்கை பெரும்பாலும் பிழையானது. அது எங்கே பிழைபடுகிறது என்பதை அறிய, பகிர்வு நூலகம் என்னும் ஏற்பாடு எதற்காக உருவாயிற்று என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

எழுத்தைத் திரையில் காட்டுதல், கோப்பைத் திறத்தல், தரவை மறையாக்கம் செய்தல் போன்ற பணிகள் பல நிரல்களுக்கும் பொதுவானவை. இப்பணிகளுக்காக முன்னரே எழுதிவைக்கப்பட்ட கட்டளைத் தொகுதியே நூலகம் எனப்படுகிறது. நிரலை உருவாக்கும்போதே நூலகத்தின் படியை அதனுள் சேர்த்துவிடுவது நிலை இணைப்பு. நூலகத்தைத் தனிக் கோப்பாக வைத்து, நிரல் இயங்கும் நேரத்தில் இணைத்துக்கொள்வது இயங்குநிலை இணைப்பு; விண்டோஸில் அத்தகைய கோப்பே டிஎல்எல் எனப்படுகிறது. 1960களின் மல்டிக்ஸ் இயங்குதளத்திலேயே இரண்டாம் முறை இருந்தது. 1985 நவம்பரில் வெளிவந்த முதல் விண்டோஸ் பதிப்பு அதையே தன் அடித்தளமாகக் கொண்டது. 640 கிலோபைட் நினைவகத்துக்குள் பல நிரல்களை அடக்க வேண்டியிருந்த அக்காலத்தில், ஒரே நூலகப் படியை அனைத்தும் பகிர்ந்துகொள்வது தவிர்க்க முடியாத சிக்கனமாக இருந்தது.

நினைவகம் ஜிகாபைட் கணக்கில் மலிந்துவிட்ட இன்று, அந்தச் சிக்கனம் தன் வலுவில் பெரும்பகுதியை இழந்துவிட்டது. ஆயினும் பகிர்வு நூலகத்துக்கு ஆதரவாக நிற்கும் மற்றொரு காரணம் முன்பைவிட வலுப்பெற்றிருக்கிறது: ஓரிடத்தில் செய்யும் திருத்தம், அந்த நூலகத்தைச் சார்ந்த எல்லா நிரல்களையும் சென்றடைகிறது. 2014 ஏப்ரலில் ஓபன்எஸ்எஸ்எல் மறையாக்க நூலகத்தில் ஹார்ட்பிளீட் என்னும் பாதுகாப்புக் குறை வெளிப்பட்டபோது, லினக்ஸ் வழங்கிகளில் அந்த நூலகக் கோப்பைப் புதுப்பித்து, அதைப் பயன்படுத்திய சேவைகளை மறுமுறை தொடங்கினாலே, அதைப் பகிர்ந்துகொண்ட நிரல்கள் யாவற்றிலும் அந்த ஓட்டை அடைபட்டது. 2021 டிசம்பரில் லாக்4ஜே நூலகத்தில் குறை தெரியவந்தபோதோ, ஜாவா மென்பொருள்கள் ஒவ்வொன்றும் அதன் தனிப்படியைத் தம்முள் பொதிந்து வைத்திருந்தமையால், எந்த மென்பொருளுக்குள் எந்தப் பதிப்பு ஒளிந்திருக்கிறது என்று தேடுவதே நிர்வாகிகளுக்குப் பெரும்பணியாயிற்று.

தமிழ் எழுத்துகளைக் கணினியில் காட்டும் பணியும் இந்த நன்மைக்கு ஒரு தெளிவான சான்று. 'கொ' என்னும் எழுத்தில் மெய்யின் இருபுறமும் குறிகள் நிற்கின்றன. ஒருங்குறியிலோ மெய்க்குப் பின்னரே உயிர்க்குறி சேமிக்கப்படுகிறது. இந்த வரிசைமாற்றத்தை ஒவ்வொரு நிரலும் தானே கற்றுக்கொள்ள வேண்டியதில்லாதபடி, விண்டோஸ் 2000இல் யூனிஸ்கிரைப் என்னும் நூலகம், யூஎஸ்பி10.டிஎல்எல் என்ற ஒற்றைக் கோப்பின் வழியாக அதைச் செய்துகொடுத்தது. அந்த நூலகத்தை நாடாமல் சொந்த வழியில் எழுத்துகளைக் காட்டிய நிரல்களில் தமிழ் நெடுங்காலம் சிதைந்தே தெரிந்தது. தமிழ் அறியாத ஒருவர் எழுதிய நிரலிலும் தமிழ் சரியாகத் தெரிய முடிந்தது என்பது பகிர்வு நூலகம் ஈட்டித்தந்த உண்மையான ஆதாயம்.

இதே ஏற்பாட்டின் கேடு 1990களில் வெளிப்பட்டது. ஒரு மென்பொருளை நிறுவும்போது அது தன்னுடன் கொண்டுவந்த நூலகக் கோப்பைப் பொதுக் கோப்புறையில் இருந்த அதே பெயருள்ள கோப்பின் மீது எழுதிவிடும். புதிய மென்பொருள் இயங்கும், பழைய பதிப்பை நம்பியிருந்த வேறொன்று நின்றுபோகும். டிஎல்எல் நரகம் என்று நிரலாளர்கள் பெயரிட்ட இந்த நிலைக்கு விடையாக, விண்டோஸ் 2000 இயங்குதளத்தின் முதன்மைக் கோப்புகளைப் பிறர் மாற்ற முடியாதபடி காத்தது. 2001இல் வந்த விண்டோஸ் எக்ஸ்பி ஒரே நூலகத்தின் பல பதிப்புகளை அருகருகே வைத்திருக்க வழிசெய்தது. இதனால் மோதல் குறைந்தது. ஆனால் பகிர்வின் தொடக்க நோக்கமான இடச்சிக்கனம் அங்கேயே கைவிடப்பட்டது என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும்.

லினக்ஸ் இச்சிக்கலைப் பெயரிலேயே எதிர்கொண்டது. அங்கே நூலகக் கோப்பின் பெயருடன் பதிப்பெண்ணும் சேர்ந்திருக்கும். பழைய நிரல்களுக்குப் பொருந்தாத மாற்றம் நேர்ந்தால் அந்த எண் மாற்றப்பட வேண்டும். ஒத்துப்போகாமையைக் கோப்பின் பெயரே அறிவிப்பதால் இது விண்டோஸின் பழைய முறையைவிட நேர்மையானது. உபுண்டு 22.04 ஓபன்எஸ்எஸ்எல் 3க்கு மாறியபோது, 1.1 பதிப்பைத் தேடிய நிரல்கள் கோப்பைக் காணோம் என்று நின்றது அந்த நேர்மையின் விளைவே. புதிய கோப்புக்குப் பழைய பெயரில் ஓர் இணைப்பை உருவாக்கி நிரலை ஏமாற்றும் வழியைச் சிலர் பரிந்துரைப்பதுண்டு. பெயர் தரும் உறுதிமொழியையே பொய்யாக்குவதால், அது அறிவிப்பை மறைத்துக் கோளாறை உள்ளே தள்ளிவிடுகிறது.

காணாமற்போன கோப்பைத் தேடும் பயனர் முதலில் கேட்க வேண்டிய கேள்வி, அந்தக் கோப்பு எந்தத் தொகுப்பைச் சேர்ந்தது என்பதே. எம்எஸ்விசிபி140.டிஎல்எல், மைக்ரோசாப்டின் விஷுவல் சி பிளஸ் பிளஸ் கருவியால் உருவாக்கப்பட்ட நிரல்களுக்கு வேண்டிய இயக்கநேரத் தொகுப்பின் ஓர் உறுப்பு. அதன் துணைக்கோப்புகளும் உடன் இருந்தாக வேண்டும். மைக்ரோசாப்ட் தன் தளத்தில் இலவசமாகத் தரும் அந்தத் தொகுப்பை நிறுவினால் அனைத்தும் உரிய இடங்களில் அமையும். டி3டிஎக்ஸ்9_43.டிஎல்எல் கேட்கும் பழைய விளையாட்டுகளுக்கு, 2010 ஜூன் மாதத்து டைரக்ட்எக்ஸ் தொகுப்பு தேவை. இயங்குதளத்தின் சொந்தக் கோப்பே பழுதுபட்டிருந்தால், விண்டோஸில் உள்ள கணினிக் கோப்புச் சரிபார்ப்புக் கருவி அதை மீட்கும். குறிப்பிட்ட ஒரு மென்பொருளுக்கே உரிய கோப்பாயின், அந்த மென்பொருளை மீண்டும் நிறுவுவதே முறை. நச்சுநிரல் தடுப்பு மென்பொருள் அதை ஒதுக்கிவைத்திருக்கிறதா என்பதையும் முன்னதாகப் பார்த்துவிட வேண்டும்.

தனித்தனி டிஎல்எல் கோப்புகளை அள்ளித்தரும் அறிமுகமற்ற தளங்களிலிருந்து ஒன்றை எடுத்துவைப்பது இவை எதற்கும் மாற்றாகாது. நூலகக் கோப்பு வெறும் தரவன்று, அது இயங்கும் கட்டளை. அதை ஏற்றும் நிரலுக்கு என்னென்ன உரிமைகள் உண்டோ அத்தனையும் அதற்கும் கிடைத்துவிடும். தீங்கு எதுவும் இல்லாத கோப்பானாலும், 32-பிட் நிரலுக்கு 64-பிட் கோப்பு பயன்படாது. 64-பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற கோப்புறை 64-பிட் கோப்புகளையும், பெயரில் 64 என்ற எண்ணைத் தாங்கிய சிஸ்வாவ்64 கோப்புறை 32-பிட் கோப்புகளையும் கொண்டிருப்பதால், தாமே கோப்பை நகலெடுத்து வைப்பவர்கள் இங்கே தடுமாறுவது இயல்பே. ரெக்எஸ்விஆர்32 கட்டளையால் கோப்பைப் பதிவுசெய்ய வேண்டும் என்ற அறிவுரையும் காம் என்னும் குறிப்பிட்ட வகை நூலகங்களுக்கே பொருந்தும். இயக்கநேரக் கோப்புகளுக்கு அதனால் பயனில்லை.

குழப்பத்தில் பயனரின் பங்கைவிட அறிவிப்பின் பங்கு பெரிது. நிரலின் உள்ளே பதிந்திருப்பது நூலகத்தின் பெயர் மட்டுமே ஆகையால், அதை வழங்குபவர் யார் என்பதை, நிரலை நினைவகத்தில் ஏற்றும் விண்டோஸின் பகுதியால் சொல்ல இயலாது. எனவே தேவையான தொகுப்பைத் தன் நிறுவியிலேயே சேர்த்துத் தரும் கடமை மென்பொருளை வெளியிடுபவருக்கு உரியது. இயக்கநேரக் கோப்புகளைத் தன் நிரலின் கோப்புறையிலேயே வைத்துக்கொள்ளவும் அவருக்கு அனுமதி உண்டு. அப்போது கோப்பு காணாமற்போகும் பிழை எழுவது அரிது. ஆனால் அந்தத் தனிப்படிகளை விண்டோஸின் புதுப்பிப்புகள் தொடுவதில்லை. பின்னாளில் அவற்றில் ஒரு குறை வெளிப்பட்டால் புதிய பதிப்பை அவரே வெளியிட வேண்டும். வெளியிட்டபின் தொடர்ந்து பராமரிக்க ஆளில்லாத சிறு மென்பொருள்களுக்கு, பிழையறிவிப்பு எழும் வாய்ப்பு சற்றுக் கூடினாலும், பொதுத் தொகுப்பைச் சார்ந்திருப்பதே பாதுகாப்பானது.