அகதியின் சாட்சியம்

பெரியபாளையத்தில் வாழும் நமக்குக் கும்மிடிப்பூண்டி அகதிகள் முகாம் அந்நியமானதன்று. 2021ஆம் ஆண்டில் அரசு இத்தகைய முகாம்களுக்கு ‘இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம்’ என்று பெயர் மாற்றியது. பெயர் மாறிற்று, அங்குள்ளோர் தம் கதையைத் தாமே சொல்லும் நாள் வந்ததா? இவ்வினாவே ஒரு திரைக்கலைஞரைப் பற்றி நம்மை எழுதத் தூண்டிற்று. திரைப்படத்துக்கு இவ்விதழில் இடமா என்று முகம் சுளிக்கும் அன்பர்கள் சற்றுப் பொறுத்தருள்க.

யாழ்ப்பாணத்து அல்லைப்பிட்டியில் 1967இல் பிறந்த அந்தோனிதாசன் யேசுதாசன், இளமையிலேயே விடுதலைப் புலிகள் இயக்கத்தில் சேர்ந்து, பின் விலகியவர். 1993இல் பிரான்சில் தஞ்சம் புகுந்து கூலி வேலை செய்தவாறே, ‘ஷோபாசக்தி’ என்னும் பெயரில் எழுதலானார். லீனா மணிமேகலையின் ‘செங்கடல்’ படத்தில் எழுத்திலும் நடிப்பிலும் பங்கேற்றார். தனுஷ்கோடி மீனவரையும் அகதிகளையும் பற்றிய அப்படத்துக்குத் தணிக்கைக் குழு சான்றிதழ் மறுத்தது. 2011இல் மேல்முறையீட்டில் அனுமதி கிட்டிற்று.

2015இல் கான் விழாவின் தங்கப்பனை விருதை வென்ற ‘தீபன்’ படத்தில் அவரே நாயகர். இறந்தோரின் கடவுச்சீட்டைக் கொண்டு, உறவற்ற மூவர் கணவன், மனைவி, மகளாக நடித்துப் பிரான்சு சேர்கின்றனர். ஆக, அகதியின் நடிப்பு படக்கருவிக்கு முன்பன்று, அதிகாரியின் மேசைக்கு முன்பே தொடங்கிவிடுகிறது! அப்பொய்யின் பாரத்தை யேசுதாசன் தம் கண்களிலும் தோள்களிலும் சுமந்து காட்டுகிறார்; மிகையில்லை, அழுகுரலில்லை.

எனினும் படத்தின் முடிவு நமக்கு உடன்பாடன்று. ஆயுதத்தைத் துறந்து வந்தவனை இயக்குநர் ழாக் ஒதியார் மீண்டும் ஆயுதமேந்தும் வீரனாக்கிவிடுகிறார். இது பார்வையாளர் விரும்பும் முடிவேயன்றி, அகதி வாழ்ந்த முடிவன்று. யேசுதாசனின் எழுத்தோ இதனினும் மேலானது. தாம் சார்ந்திருந்த இயக்கத்தின் தவறுகளையும் அது மறைப்பதில்லை. நமக்கும் நம் உறவினர்க்கும் பாதகமாயினும் நீதிக்குச் சாட்சி பகர வேண்டுமென்பது திருமறையின் கட்டளை. ஷஹாதத் எனும் அச்சாட்சியமே கலைக்கும் உரைகல்.

இங்கு நம் நெஞ்சை உறுத்துவது ஒன்றுண்டு. 1990 அக்டோபரில் அதே வடமாகாணத்திலிருந்து எழுபதினாயிரத்துக்கும் மேற்பட்ட முஸ்லிம்களைப் புலிகள் வெளியேற்றினர். யாழ்ப்பாண நகரத்து முஸ்லிம்களுக்கு அளிக்கப்பட்ட அவகாசம் இரண்டே மணி நேரம். அவர்களுட் பெரும்பாலோர் புத்தளத்தில் ஒதுங்கினர். தமிழே தாய்மொழியான அம்முஹாஜிர்களின் துயரம் ‘தீபன்’ போல் உலகத் திரையில் ஒளிரவில்லை. யேசுதாசன் நடந்து காட்டிய பாதை அவர்தம் பிள்ளைகளுக்கும் திறந்ததே.

மதீனத்து அன்ஸாரிகள் வந்தோருக்கு வீட்டில் மட்டுமன்று, உள்ளத்திலும் இடம் தந்தனர். கும்மிடிப்பூண்டியிலோ புத்தளத்திலோ ஓர் இளைஞன் தன் கதையைச் சொல்ல எழுந்தால், செவி சாய்ப்பதே அன்ஸாரிகளின் வழிவந்தோராகிய நம் கடன்.