சொல்லை மாற்றினால் போதுமா?

ஆற்றல், திறன் இரண்டுக்கும் அகராதியில் ஏறத்தாழ ஒரே பொருள்தான். இயற்பியலில் அப்படியன்று. மின்கட்டணத்தில் வரும் யூனிட் ஆற்றலின் அளவு. பல்பில் பொறித்துள்ள வாட் திறனின் அளவு. ஒன்றன் இடத்தில் மற்றதை எழுதினால் கணக்கே பிசகிவிடும்.

கடலூருக்கும் சிதம்பரத்துக்கும் இடையே, எங்கள் செம்மங்குப்பம் பகுதி மாணவர் சிலர் திருட்டு மென்பொருளின் தீமைகளைப் பற்றிக் கட்டுரை எழுதும் முறையைப் பாருங்கள். பிறர் எழுதியதை எடுத்து, சொல்லுக்குச் சொல் வேறு சொல் போட்டுவிடுகிறார்கள். (களவைக் கண்டிக்கும் கட்டுரையே களவு!) 'பாதுகாப்புத் திருத்தம்' என்பது 'காவல் சீர்திருத்தம்' ஆகிவிடுகிறது. போலீஸ் இலாகாவைப் பற்றியதோ என்று நீங்கள் மயங்கினால் வியப்பில்லை.

மூலத்தின் உயிரே அச்சொல்லில்தான் இருந்தது. விண்டோஸிலிருந்த ஓர் ஓட்டையை அடைக்கும் திருத்தத்தை மைக்ரோசாஃப்ட் 2017 மார்ச் 14-இல் வெளியிட்டது. மே 12-இல் 'வான்னாகிரை' என்னும் தீநிரல் பரவி, கோப்புகளைப் பூட்டிப் பணம் கேட்டபோது, அத்திருத்தத்தைப் பெறாத கணிப்பொறிகளே அதற்கு இரையாயின. திருட்டுப் படி வைத்திருப்போரோ, குட்டு வெளிப்பட்டுவிடுமென்று அஞ்சித் திருத்தங்களையே நிறுத்திவைப்பதுண்டு. 'காவல் சீர்திருத்தம்' என்று படித்தவருக்கு இந்த அபாயம் எப்படி விளங்கும்?

ஆய்விதழ்களும் இதற்குத் தப்பவில்லை. 'செயற்கை நுண்ணறிவு' என்பதற்கான ஆங்கிலத் தொடர் 'கள்ள உணர்வு' என்று பொருள்படும்படி மாறிக் கிடந்ததை, கபானாக், லபே, மகசினோவ் என்னும் மூவர் 2021-இல் எடுத்துக்காட்டினர்.

மூலத்தை மூடிவைத்துவிட்டு, உங்கள் தம்பிக்குச் சொல்வதுபோல் எழுதிப் பாருங்கள். 'திருத்தம்' என்ற சொல்லை மட்டும் தொடாதீர்கள்.