ஒப்பனையும் ஊர்ப்பணியும்

“கூத்தாடிக்கு மன்றத்திலே என்ன வேலை?” என்று கேட்டு மகிழ்ந்தோர் நம் நாட்டிலே பலர். வழக்கறிஞர் வழக்கும் நடத்தலாம், சட்டமன்றத்திலும் அமரலாம். மிராசுதார் நிலத்தையும் ஆளலாம், நகராட்சியையும் ஆளலாம். அவர்களை நோக்கி “இரட்டைத் தொழில் ஏன்?” என்று எவரும் இடித்துரைப்பதில்லை. நடிகனைக் கண்டால் மட்டும் நகைப்பு! தொழிலை வைத்து மனிதனைத் தாழ்த்தும் பழைய சாதிப் புத்தி, அரிதாரம் பூசியவனையும் விட்டுவைக்கவில்லை என்பதன்றி வேறென்ன?

அந்த ஏளனத்துக்கு 1962-ஆம் ஆண்டு தேனித் தொகுதி மக்கள் விடையளித்தனர். இலட்சிய நடிகர் எஸ். எஸ். இராசேந்திரனைச் சட்டமன்றத்துக்கு அனுப்பினர். உறுப்பினரான பின்னும் அவர் நடிப்பைத் துறக்கவில்லை. 1964-இல் ‘பூம்புகார்’ வந்தது. காரைக்கால் தலத்தெருவிலிருந்து வடக்கே, தரங்கம்பாடியைக் கடந்து சென்றால் நாம் காணும் அதே பூம்புகாரின் கதை. கோவலனாக நடித்தவர் தேனியின் உறுப்பினர். எழுதிய கலைஞர் மு. கருணாநிதி தஞ்சையின் உறுப்பினர். கவுந்தியடிகளாக வந்த கே. பி. சுந்தராம்பாளோ காங்கிரசைச் சார்ந்து மேலவையில் இடம்பெற்றவர். அரசியலில் எதிரெதிர் அணி. கலையில் ஒரே மேடை!

வாக்குக் கேட்கும் நடிகர், குற்றமற்ற வீரனாகவே திரையில் தோன்ற விரும்புவது இயல்பு. இராசேந்திரன் ஏற்றதோ, மனைவியைப் பிரிந்து, பொருளை இழந்து, திருந்தி வந்தபின் பொய்ப்பழியால் மாளும் கோவலன் வேடம். தொகுதியிலே புகழ் குறையுமோ என்று அவர் அஞ்சவில்லை. அது கலைக்கு அவர் காட்டிய நேர்மை. புராணப் படங்களை மறுத்தது கொள்கைக்குக் காட்டிய நேர்மை.

ஆனால், தோழர்களே, மூன்றாவதாக ஒரு நேர்மை உண்டு: ஊருக்குக் காட்டும் நேர்மை. படப்பிடிப்புக் கூடங்களும் சென்னையில், சட்டமன்றமும் சென்னையில். பகலில் மன்றம், இரவில் ஒப்பனை என்று இரண்டையும் நடத்த அந்நகரம் இடம் தந்தது. வாக்களித்த தேனியோ ஏறத்தாழ 500 கிலோ மீட்டருக்கு அப்பால்! இது எந்தத் தனி மனிதரின் குற்றமுமன்று. அப்பதவியின் அமைப்பே அத்தகையது.

நகராட்சிப் பணி வேறு. அடைத்துக்கொண்ட சாக்கடை, படப்பிடிப்பு முடியும்வரை காத்திராது. எரியாத தெருவிளக்குக்கு வீர வசனம் ஒளி தராது. நாள்தோறும் கண்ணெதிரே நிற்பவனே அங்கு உறுப்பினன். 1977-இல் முதலமைச்சரான எம். ஜி. ஆர்., அன்றாட ஆட்சிச் சுமையுடன் நடிப்பு பொருந்தாது என்று கண்டு திரையை விட்டார். அப்படியானால் நடிகன் ஊர்ப்பணி செய்யவே இயலாதா? இயலும். அமெரிக்க நடிகர் கிளின்ட் ஈஸ்ட்வுட், 1986-இல் கலிபோர்னியாவின் கார்மல் என்னும் சிற்றூருக்கு மேயரானார். அது அவர் வாழ்ந்த ஊர். ஈராண்டு பணி செய்தார்; படத்தொழிலையும் விடவில்லை; 1988-இல் காலம் முடிந்ததும் மீண்டும் போட்டியிடாமல் விலகினார். ஊரும் சிறிது, காலமும் சிறிது, பொறுப்பின் எல்லையும் தெளிவு. இணைப்புக்கு வழி அதுவே.

தலத்தெருவிலே ஒரு நாடகக் கலைஞன் அவ்வழியை நாடினால்? புதுவை, காரைக்கால் மக்கள் உள்ளாட்சித் தேர்தலைக் கண்டது 1968-இல், அடுத்து 2006-இல். இடையே 38 ஆண்டுகள்! இளைஞனாக வாக்களித்தவன் முதியவனாகி மறுபடி வாக்களித்தான். 2006-இல் வந்தவர்களின் காலம் 2011-இல் முடிந்தது. 2021-இல் அறிவித்த தேர்தலும் அவ்வாண்டு நடந்தேறவில்லை. தெருவை அறிந்த கலைஞனுக்கு நாற்காலி இல்லை. தெருவை அறியாத நட்சத்திரத்துக்குச் சட்டமன்ற வாயில் திறந்திருக்கிறது! தலைகீழ்ப் பாடமல்லவா இது?

ஆகவே, இளைஞர்களே, நடிகன் வாக்குக் கேட்டு வந்தால் ஏளனமும் வேண்டாம், ஆராதனையும் வேண்டாம். மூன்று கேள்விகள் கேளுங்கள். மாதத்தில் எத்தனை நாள் இவ்வூரில் இருப்பீர்? நீர் வெளியூரில் நடிக்கும்போது எங்கள் குறையை யார் கேட்பார்? ஆண்டு முடிவில் செய்த பணியின் கணக்கை எங்கே படித்துக் காட்டுவீர்? வழக்கறிஞரிடமும் மிராசுதாரிடமும் இவற்றையே கேளுங்கள். அத்துடன், கேட்பதற்கு ஒரு தேர்தல் வேண்டுமல்லவா? அந்தத் தேர்தலை உரிய காலத்தில் நடத்துமாறு வற்புறுத்துங்கள். முதற்பணி அதுவே.