நான்காவது முடி

‘பட்டம் கட்டுதல்’ என்று சொல்கிறோமே, அதில் கட்டுவதற்கு உண்மையாகவே ஒரு பொருள் இருந்தது. நெற்றியில் கட்டும் பொற்றகடுதான் முதலில் பட்டம். பெயரோடு ஒட்டிக்கொள்ளும் மரியாதை பிறகு வந்தது. கண்டி அரசிலும் இதே வழக்கம். மன்னன் ஒருவனுக்குப் புதுப்பெயர் கொடுத்து நெற்றியில் பொன்பட்டி கட்டுவான். அந்தப் பெயரைச் சிங்களத்தில் ‘பட்டபெந்தி’ப் பெயர் என்பார்கள். கேட்டவுடன் நம் வீட்டுச் சொல் போலவே இருக்கும்.

1815இல் அந்தக் கண்டியைப் பிடித்த தேசாதிபதி றொபேர்ட் பிரவுன்ரிக்கின் பெயருக்குப் பின்னால் ஜி.சி.பி. என்று மூன்று எழுத்துகள் நிற்கின்றன. ‘பாத்’ என்னும் பிரித்தானிய வீரர் குழாமின் முதல் தரத்தைச் சேர்ந்தவர் என்று பொருள். ‘பாத்’ என்றால் குளியல்தான், வேறொன்றுமில்லை. இடைக்காலத்தில் ‘சேர்’ ஆகப்போகிறவனை முதல் நாள் நீராட்டி, இரவு முழுக்கத் தேவாலயத்தில் கண்விழிக்க வைத்து, அதன் பிறகுதான் வாளால் தொடுவார்களாம். முடிசூட்டுக்கு முன் அபிஷேகம் செய்த நமக்கு இது எளிதில் விளங்கும். 1725இல் முதலாம் ஜோர்ஜ் இந்தக் குழாமை முறைப்படி அமைத்தார். இன்று யாரையும் குளிப்பாட்டுவதில்லை. பெயரில் மட்டும் ஈரம் இருக்கிறது.

1815 ஜனவரியில் இந்தக் குழாமை மூன்று தரங்களாக விரித்தார்கள். நெப்போலியனோடு பொருதிய அதிகாரிகள் பலருக்கும் ஏதாவது கொடுத்தாக வேண்டியிருந்தது. அடுத்த மாதமே, பெப்ரவரி 14இல், பிரவுன்ரிக்கின் படை கண்டிக்குள் நுழைந்தது. 18இல் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன் பிடிபட்டான். கண்ணுசாமி என்ற பெயரோடு பிறந்த நாயக்க மன்னன் அவன். மார்ச் 2இல் அவனுடைய அரசவை மண்டபமான மகுல் மடுவவிலேயே, அந்தச் செதுக்குத் தூண்களுக்கு நடுவே, அவன் இல்லாமல், கண்டியைப் பிரித்தானிய முடிக்குக் கொடுக்கும் உடன்படிக்கை வாசிக்கப்பட்டது. வேலூருக்கு அனுப்பப்பட்டவன் 1832இல் அங்கேயே இறந்தான்.

படைத்துறையினருக்கான ‘பாத்’ பதக்கத்தைக் கொஞ்சம் நெருங்கிப் பார்க்க வேண்டும். சிவப்பு நாடாவில் தொங்கும் சிலுவை. பொன்னின் மேல் வெள்ளை எனாமல். எட்டு முனைகளிலும் மிளகளவு பொற்குண்டுகள். சிலுவையின் கை இடுக்கு ஒவ்வொன்றிலும் ஒரு சிங்கம், ஆக நான்கு. நடுவே ரோஜா, திசில், ஷாம்ரொக் மூன்றும் ஒரு செங்கோலோடு. சுற்றிலும் மூன்று முடிகள். அதைச் சூழ்ந்த சிவப்பு வளையத்தில், மூன்றும் ஒன்றாய் இணைந்தன என்று இலத்தீனில் எழுதியிருக்கும். எந்த மூன்று முடிகள் என்பதில் அவர்களுக்குள்ளேயே ஒத்த கருத்து இல்லை. இங்கிலாந்து, ஸ்கொட்லாந்து சரி. மூன்றாவது பிரான்சா, அயர்லாந்தா? மூவேந்தர் யார் என்று கேட்டால் நம் பள்ளிப் பிள்ளை தடுமாறாது.

பிரவுன்ரிக்குக்கு மூன்று முடி போதவில்லை. 1816இல் பரோனட் என்ற பட்டமும் பெற்றார். பிறகு அவருடைய குலச் சின்னத்தில் கண்டி மன்னனின் முடியையும் செங்கோலையும் கொடியையும் சேர்த்துக்கொள்ள அரச அனுமதி கிடைத்தது. பிடித்த நாட்டைக் கேடயத்தில் மூன்று சிறு படங்களாக அடக்கிவிட்டார்கள். சித்திரக்காரனின் சிக்கனத்தை ரசிக்கலாம். யாருடைய முடி என்ற நினைப்பு வந்ததும் ரசனை கொஞ்சம் கூசும். அசல் முடியும் சிம்மாசனமும் 1934இல் குளொஸ்ரர் கோமகன் கையால் திரும்பி வந்து, இப்போது கொழும்பு நூதனசாலையில் இருக்கின்றன. வாளேந்திய சிங்கக்கொடியை லண்டன் செல்சி மருத்துவமனையில் இலங்கையரான ஈ.டபிள்யூ. பெரேரா அடையாளம் கண்டார். 1948இல் அதுவே சுதந்திர இலங்கையின் கொடியாக ஏறியது. பதக்கத்துச் சிங்கங்கள் நான்கும் வெறுங்கையோடு இருக்கின்றன. வாள் வைத்திருப்பது கண்டிச் சிங்கம்தான்.

கண்டியில் தலதா மாளிகைக்குப் பின்னால் சற்று மேடேறினால் பழைய கரிசன் மயானம். அங்கே பிரித்தானிய அதிகாரி சேர் ஜோன் டொய்லி கிடக்கிறார். சிங்களம் நன்றாகக் கற்று, ஒற்றர்களை வைத்துக் கண்டியின் உள்வீட்டுச் செய்தியெல்லாம் அறிந்தவர். அந்த உடன்படிக்கையின் வாசகமும் அவர் கைவேலைதான். 1821இல் அவரைப் பரோனட் ஆக்கியபோது பட்டத்தோடு ஊர்ப்பெயராகச் சேர்த்தது கண்டியை. ‘பாத்’ ஆளோடு முடிந்துவிடும்; பரோனட் பட்டமோ தகப்பனிடமிருந்து மகனுக்குப் போவது. டொய்லி கலியாணம் முடிக்கவில்லை. 1824 மே 25இல், நாற்பத்தொன்பது வயதில் இறந்தார். கண்டியின் பெயரிலிருந்த அந்தப் பட்டம் மூன்று வருஷம் இருந்தது.

நான் போனபோது மழை அப்போதுதான் விட்டிருந்தது. கல் நனைந்திருந்ததால் ‘பரோனட்’ என்ற சொல் நன்றாகக் கறுத்துத் தெரிந்தது.